சுவரும் துணியும்: கலை இயக்குநர் பி. கிருஷ்ணமூர்த்தி

திரைப்படத்தின் தொடக்கத்தில் ஓடும் பெயர்களில் 'கலை' என்னும் ஒற்றைச் சொல்லுக்குக் கீழே வரும் பெயரை நம்மில் பெரும்பாலோர் வாசிப்பதில்லை. கதாநாயகன் சாய்ந்து நிற்கும் தூண், கதாநாயகி தண்ணீர் மொள்ளும் குடம், கிழவி குந்தியிருக்கும் திண்ணையின் தேய்ந்த விளிம்பு ஆகியவை எல்லாம் தாமாகவே அங்கே இருந்தவை என்று எண்ணிக்கொள்கிறோம். நாம் அப்படி எண்ணும்போது அந்தப் பெயருக்குரியவர் தம் வேலையில் வென்றுவிடுகிறார். அவர் மறக்கப்படுவதற்கும் அதுவே காரணமாகிவிடுகிறது.

எங்கள் குன்னத்தூரிலும் சுற்றுவட்டாரத்துப் பனியன் கம்பெனிகளிலும் வேலை செய்பவர்களுக்கு இந்த நிலை புதிதன்று. வெளிநாட்டிலிருந்து வந்த ஒரு படத்தையும் அளவுக் குறிப்பையும் வைத்துக்கொண்டு முதல் சாம்பிளை வெட்டித் தைத்துக் கொடுப்பவர் ஒருவர் ஒவ்வொரு கம்பெனியிலும் இருக்கிறார். அந்த ஒரு துணியைப் பார்த்துத்தான் ஆர்டர் உறுதியாகிறது. பிறகு ஆயிரக்கணக்கில் தைக்கப்பட்டுப் பெட்டிகளில் ஏறிப் போகும் ஆடைகளில் அவர் பெயர் எங்கும் இராது. கலை இயக்குநரின் இடமும் ஏறக்குறைய அதுவே. இயக்குநரின் மனத்திலும் எழுத்தாளரின் தாளிலும் மட்டும் இருக்கும் ஒன்றை முதன்முதலில் கையால் தொடக்கூடிய பொருளாக ஆக்குபவர் அவர்.

தமிழகத்திலிருந்து அப்படி உருவான பெருங்கலைஞர்களுள் ஒருவர் பி. கிருஷ்ணமூர்த்தி (1943–2020). கலை இயக்கத்திற்காக மூன்றும் ஆடை வடிவமைப்பிற்காக இரண்டுமாக ஐந்து தேசிய விருதுகள் பெற்றவர். ஆயினும் இலக்கியப் பத்திரிகைகளைத் தொடர்ந்து வாசிக்கும் நண்பர்களிடம்கூட அவர் பெயரைச் சொன்னால், 'எந்தக் கிருஷ்ணமூர்த்தி?' என்ற கேள்வியே முதலில் எழுகிறது. தென்னிந்தியத் திரைப்படத்தில் 'பழங்காலம்' என்றால் எப்படி இருக்கும் என்ற எண்ணத்தையே மாற்றியமைத்தவர்களுள் அவர் முதன்மையானவர் என்பது எங்கள் கருத்து. அந்த மாற்றத்தின் பெரும்பகுதி தமிழுக்கு வெளியே, கன்னடத்திலும் சமஸ்கிருதத்திலும் மலையாளத்திலும் நிகழ்ந்தது. அது ஏன் என்பதை விளங்கிக்கொள்ள, நம் திரைப்படத்தின் அரண்மனைகள் எங்கிருந்து வந்தன என்பதை முதலில் பார்க்கவேண்டும்.

படுதாவிலிருந்து அரண்மனை வரை

தமிழ்ப் பேசும்படம் 1931இல் 'காளிதாஸ்' மூலம் தொடங்கியபோது அதற்கென்று தனியான காட்சி மரபு ஏதும் இருக்கவில்லை. இருந்தது நாடக மேடை மட்டுமே. பார்சி நாடகக் குழுக்கள் ஊர் ஊராகக் கொண்டுவந்த எழுதிய படுதாக்களைப் பார்த்துப் பழகிய கண்கள் நம்முடையவை. தர்பார் படுதா, தெருப் படுதா, காட்டுப் படுதா என ஒன்றன்பின் ஒன்றாக இறங்கும் திரைச்சீலைகளே இடத்தை உணர்த்தின. கன்னையா கம்பெனியும் பின்னர் நவாப் ராஜமாணிக்கம் குழுவும் காட்சி ஜோடனைக்காகவே பெயர் பெற்றிருந்தன. அந்த மேடையில் அரசன் என்றால் ஜிகினா, அரண்மனை என்றால் வளைவுகளும் சுருள் தூண்களும். எந்த நாட்டு அரசன், எந்த நூற்றாண்டு என்ற கேள்விகளுக்கு அங்கே இடமில்லை. பார்வையாளரும் அவற்றைக் கேட்கவில்லை.

அந்தப் படுதா பிறகு ஸ்டுடியோக்களுக்குள் கனபரிமாணம் பெற்றது. எங்கள் கொங்குப் பகுதி இதில் பெரும்பங்கு வகித்தது. சேலத்தில் 1935இல் டி. ஆர். சுந்தரம் தொடங்கிய மாடர்ன் தியேட்டர்ஸ், கோவையின் சென்ட்ரல் ஸ்டுடியோ, ஸ்ரீராமுலு நாயுடுவின் பட்சிராஜா ஆகியவற்றின் தளங்களில் எத்தனையோ அரண்மனைகள் எழுந்து, படப்பிடிப்பு முடிந்ததும் பிரிக்கப்பட்டன. 1954இன் 'மலைக்கள்ளன்' பட்சிராஜாவின் தயாரிப்பு. 1956இல் வந்த 'அலிபாபாவும் 40 திருடர்களும்' மாடர்ன் தியேட்டர்ஸின் வண்ணப் படம். சென்னையில் ஜெமினி 1948இல் எடுத்த 'சந்திரலேகா'வுக்குக் கலை இயக்கம் ஏ. கே. சேகர். அந்தப் படத்தின் முரசு நடனத்தைப் பார்த்தவர்கள் அந்த அரங்கை மறக்கமாட்டார்கள். இந்தக் கலைஞர்களின் கைத்திறனை எவ்வளவு புகழ்ந்தாலும் தகும். சவுக்குக் கம்பு, மூங்கில், சாக்கு, பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் ஆகிய எளிய பொருள்களைக் கொண்டு சில வாரங்களில் ஒரு நகரத்தை எழுப்பி, அதைவிடக் குறைந்த நாள்களில் கலைத்துவிடும் தேர்ச்சி அவர்களுடையது.

எனினும் ஒரு குறை தொடர்ந்தது. அந்த அரண்மனைகள் எல்லாம் ஒரே அரண்மனை. பாண்டியனும் அதிலேயே வாழ்ந்தான், பாக்தாத் சுல்தானும் அதிலேயே வாழ்ந்தான். 1959இன் 'வீரபாண்டிய கட்டபொம்மன்' படத்தை எடுத்துக்கொள்வோம். அதன் வெளிப்புறக் காட்சிகளில் கணிசமான பகுதி ராஜஸ்தானத்து ஜெய்ப்பூரில் படமாக்கப்பட்டது. கம்பெனிப் படைகள் தாக்கிய பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையோ மண்ணால் கட்டப்பட்டது. மண்கோட்டைக்குள் இருந்துகொண்டு பீரங்கிகளை எதிர்த்தவன் என்பதில் இருக்கும் வீரம் ரஜபுத்திரக் கல் மாளிகையில் நிற்பவனிடம் இல்லை. ஆனால் தமிழ் மனத்தில் நிலைத்தது மாளிகைதான். 1974இல் தமிழக அரசு பாஞ்சாலங்குறிச்சியில் எழுப்பிய நினைவுக் கோட்டையும் மண்கோட்டையாக அமையவில்லை. ஒரு சமூகம் தன் கடந்த காலத்தைக் கண்ணால் எப்படிக் காண்கிறது என்பதை அரங்கமைப்புத் தீர்மானித்துவிடும் என்பதற்கு இதைவிட நெருக்கமான சான்று நமக்கு வேண்டியதில்லை. எனவே கலை இயக்கம் என்பது வெறும் ஜோடனை விவகாரமாக நின்றுவிடுவதில்லை. வரலாற்றுணர்வின் விவகாரமும் ஆகிறது.

ஓவியர் ஒருவர் வருகிறார்

கிருஷ்ணமூர்த்தி பூம்புகார்ப் பகுதியில் 1943ஆம் ஆண்டு பிறந்தவர். பெரும் புகழுடைய பழங்காலம் ஒன்று ஊரின் பெயரிலும் காவியத்திலும் மட்டும் எஞ்சி, கண்ணுக்குக் கடலாகவும் மணலாகவும் தெரியும் நிலம் அது. அங்கிருந்து சென்னை வந்து அரசு கலைத்தொழில் கல்லூரியில் ஓவியம் பயின்றார். 1850இல் அலெக்சாண்டர் ஹண்டர் என்ற மருத்துவரால் தொடங்கப்பட்ட அந்தப் பள்ளி, 1957 முதல் 1967 வரை கே. சி. எஸ். பணிக்கர் முதல்வராக இருந்தபோது ஒரு கலை இயக்கத்தின் மையமாகவே ஆகியிருந்தது. ஐரோப்பிய நவீன ஓவியத்தை நகல் எடுக்காமல், கோயில் சிற்பம், சுவரோவியம், நாட்டார் கைவினை, எழுத்து, கோலம் ஆகியவற்றிலிருந்து ஒரு நவீன மொழியைக் கண்டடைய முடியுமா என்ற கேள்வி அங்கே உயிரோடிருந்தது. சிற்பி தனபால் அங்கே ஆசிரியராக இருந்தார். 1966இல் உருவான சோழமண்டலம் ஓவியர் கிராமம் அந்தக் கேள்வியிலிருந்து பிறந்ததே.

படுதா எழுதும் பரம்பரையிலிருந்து வந்த ஒருவருக்கும் இந்தக் கல்லூரியிலிருந்து வந்த ஒருவருக்கும் அடிப்படையில் ஒரு வேறுபாடு உண்டு. முன்னவருக்கு மரபு என்பது கையில் படிந்த அச்சு. பின்னவருக்கு அது நேரில் சென்று பார்த்து, வரைந்து, ஒன்றோடொன்று ஒப்பிட்டு அறியவேண்டிய பொருள். தூண் என்றால் எந்த நூற்றாண்டுத் தூண், எந்த வட்டாரக் கல், எந்த உளியின் தடம் என்று கேட்கும் பழக்கம் அங்கே உருவாகிறது. கிருஷ்ணமூர்த்தி அந்தப் பழக்கத்தோடு திரைப்படத்துக்குள் வந்தார்.

அவரை அழைத்துக்கொண்டவர் கன்னட இயக்குநர் ஜி. வி. ஐயர். காலில் செருப்பு அணியாத இயக்குநர் என்று அறியப்பட்டவர். வணிகப் படங்களில் நெடுநாள் உழைத்துவிட்டுப் பிற்காலத்தில் தத்துவமும் இசையும் சார்ந்த படங்களுக்குத் திரும்பியவர். 1975இல் வந்த 'ஹம்சகீதே' கிருஷ்ணமூர்த்தியின் முதல் படம். பதினெட்டாம் நூற்றாண்டுச் சித்ரதுர்கத்து இசைக்கலைஞன் ஒருவனின் கதை அது. இசைக்கலைஞனின் கதையில் ஜிகினா அரண்மனைக்கு வேலை இல்லை. பாறை, கோயில் மண்டபம், ஆற்றங்கரை, தம்பூரா, ஒரு விளக்கு போதும். எதைச் சேர்ப்பது என்பதைவிட எதை நீக்குவது என்பதைத் தீர்மானிப்பதே அங்கே கலை இயக்குநரின் வேலையாயிற்று.

ஐயரின் அடுத்த பெரும் முயற்சியான 'ஆதி சங்கராச்சார்யா' 1983இல் வந்தது. சமஸ்கிருதத்தில் எடுக்கப்பட்ட முதல் திரைப்படம். அவ்வாண்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது. ஒளிப்பதிவு மது அம்பாட், கலை கிருஷ்ணமூர்த்தி. துறவியின் வாழ்க்கையைப் படமெடுப்பதில் கலை இயக்குநருக்கு ஒரு விசித்திரமான இக்கட்டு உண்டு. கதாநாயகனுக்கு உடைமை என்று ஒன்றுமில்லை. ஓடு, தண்டம், காவித்துணி, மரநிழல் ஆகியவற்றைக் கொண்டே எட்டாம் நூற்றாண்டை நம்பவைக்கவேண்டும். அதைச் செய்து காட்டியவருக்கு, ஐயரின் அடுத்த படமான 'மத்வாச்சார்யா' (1986) முதல் தேசிய விருதைப் பெற்றுத் தந்தது.

கேரளத்தைக் கட்டிய தமிழர்

எண்பதுகளின் இறுதி அவர் வாழ்வின் செழிப்பான காலம். 1987இல் லெனின் ராஜேந்திரனின் 'சுவாதித் திருநாள்', 1988இல் பரதனின் 'வைசாலி', 1989இல் ஹரிஹரனின் 'ஒரு வடக்கன் வீரகதா', 1990இல் அஜயனின் 'பெருந்தச்சன்' என ஆண்டுக்கொன்றாக நான்கு படங்கள். பின்னைய மூன்றுக்கும் எழுத்து எம். டி. வாசுதேவன் நாயர். மன்னர், முனிவர், போர்வீரர், தச்சர் என நான்கு வேறு உலகங்கள். காலமோ புராணத்திலிருந்து பத்தொன்பதாம் நூற்றாண்டு வரை. இன்று மலையாளிகள் தங்கள் பழங்காலத்தை மனத்தில் காணும் விதத்தில் இந்தப் படங்களுக்குப் பெரும்பங்குண்டு. அந்தக் காட்சிகளைக் கட்டியெழுப்பியவர் சோழநாட்டுக் கடற்கரையில் பிறந்த ஒரு தமிழர்.

'ஒரு வடக்கன் வீரகதா' இவற்றுள் தலையாயது. வடக்கன் பாட்டுகளில் சந்து ஒரு துரோகி. 'சதியன் சந்து' என்பதே அவன் பெயர். எம். டி. அந்தக் கதையைத் திருப்பிப் போட்டார். சந்து துரோகி அல்லன், துரோகிக்கப்பட்டவன் என்றார். நூற்றாண்டுகளாகப் பாடப்பட்டுவந்த ஒரு தீர்ப்பை இரண்டரை மணி நேரத்தில் மாற்றவேண்டுமானால், வாதம் மட்டும் போதாது. அந்த மனிதன் வாழ்ந்த உலகம் நம்பத்தக்கதாக இருக்கவேண்டும். தகரக் கிரீடம் அணிந்த சந்து நாட்டுப்பாட்டின் சந்துவாகவே இருந்திருப்பான். வேர்வையும் எண்ணெயும் படிந்த உடம்போடு, குழிக்களரியின் மண்ணில் நிற்கும் சந்துவே அவமானமும் ஆசையும் கொண்ட மனிதனாகத் தெரிகிறான். எழுத்தாளரின் மறுவாசிப்பு நிற்பதற்குத் தரை போட்டவர் கலை இயக்குநர் என்று சொன்னால் அது மிகையாகாது. இந்தப் படத்துக்காக அவ்வாண்டு கலை இயக்கத்துக்கும் ஆடை வடிவமைப்புக்குமாக இரு தேசிய விருதுகளும் அவருக்கே கிடைத்தன.

இந்த இரட்டை விருது தற்செயலன்று. பொதுவாக நம் படங்களில் அரங்கம் ஒருவர் பொறுப்பு, ஆடை இன்னொருவர் பொறுப்பு. சுவர் ஒரு காலத்தையும் துணி வேறொரு காலத்தையும் சொல்லும் விபத்து அடிக்கடி நிகழும். கிருஷ்ணமூர்த்திக்கு இரண்டும் ஒன்றே. சுவரின் நிறத்தைத் தீர்மானிக்காமல் வேட்டியின் நிறத்தைத் தீர்மானிக்க முடியாது என்பது ஓவியனின் பார்வை. சட்டகத்துக்குள் வருவது எல்லாம் அவனுக்கு வண்ணமும் ஒளியும்தான்.

துணியின் நுட்பம் எங்கள் பகுதி வாசகர்களுக்கு எளிதில் விளங்கும். சாய, சலவைப் பட்டறைகளில் புதுத்துணியை மேலும் வெளுப்பாக்குவதற்கு ஒரு முறை உண்டு. அதைப் பழையதாக்குவதற்கு அதைவிடச் சிக்கலான முறைகள் உண்டு. பலமுறை துவைத்து நைந்தது போன்ற தோற்றத்துக்காக என்சைம் வாஷ் கொடுத்து அனுப்பும் ஆடைக்கு வெளிநாட்டில் கூடுதல் விலை. பழமையைச் செய்து தரவேண்டுமானால் அதற்கு உழைப்பு வேண்டும், கணக்கு வேண்டும். பழங்காலப் படத்திலும் இதே சிக்கல் வருகிறது. கடையிலிருந்து வந்த பளிச்சென்ற வேட்டியை அணிவித்து நடிகரை நிறுத்தினால், விளக்கொளியில் அந்த வெண்மை முகத்தைவிட முன்னே வந்து நிற்கும். துணியின் வெண்மையை மட்டுப்படுத்தி, மடிப்பைக் கலைத்து, விளிம்பை நைய வைத்தால்தான் அது ஒருவர் உடுத்திப் பழகிய உடையாகும். சுவருக்கும் அப்படியே. விளக்கு மாடத்துக்கு மேலே புகைக்கறை, கை படும் உயரத்தில் எண்ணெய்ப் பிசுக்கு, தூணின் அடியில் மழைத்தண்ணீர் தெறித்த செம்மண் ஆகியவை இல்லாத வீட்டில் யாரும் வாழ்ந்ததாக நம் கண் ஒப்புக்கொள்ளாது.

'பெருந்தச்சன்' வேறொரு வகையில் கவனிக்கத்தக்கது. அது ஒரு கைவினைஞனின் கதை. மகன் தன்னை மிஞ்சிவிடுவானோ என்று கலங்கும் தந்தை, கை நழுவிய உளியால் அவனைக் கொல்கிறான். திலகன் அந்தத் தச்சனாக வாழ்ந்தார் என்று நாம் வியக்கிறோம். ஆனால் அந்தத் தச்சன் ஒரு மேதை என்று நாம் நம்புவதற்கு அவன் செய்த வேலை நம் கண்முன் இருக்கவேண்டும் அல்லவா? சிலையும் மரச் செதுக்கும் சாதாரணமாக இருந்தால் கதையே சரிந்துவிடும். நடிகர் கையில் உளியைப் பிடித்தார். அந்த உளிக்குரிய மேதைமையைத் திரையில் வைத்தவர் கலை இயக்குநர்.

'வைசாலி'யைப் பற்றி ஒரு சிறு தகவல். இடுக்கி அணை கட்டும்போது பாறையில் குடைந்த ஒரு சுரங்கப் பாதையில் அந்தப் படத்தின் காட்சிகள் எடுக்கப்பட்டன. இன்று அந்த இடத்துக்குப் பெயரே வைசாலி குகை. பொறியாளர்கள் குடைந்த பாதை, மக்கள் வாயில் முனிவர் காலத்துக் குகையாகிவிட்டது.

வெளியுலகில் ஓர் ஒப்பீடு

இந்த வேலையின் தன்மையை விளங்கிக்கொள்ள ஸ்வீடனைப் பார்ப்பது உதவும். இங்மர் பெர்க்மனின் படங்களைப் பற்றி நம் சிற்றிதழ்களில் எவ்வளவோ எழுதப்பட்டிருக்கிறது. ஆனால் 'ஏழாவது முத்திரை' (1957) படத்தின் இடைக்கால ஸ்வீடனை, குறைந்த செலவில், பெரும்பகுதி ஸ்டுடியோ வளாகத்துக்குள்ளேயே கட்டிக்கொடுத்த பி. ஏ. லுண்ட்கிரெனின் பெயரை அந்தக் கட்டுரைகளில் காண்பது அரிது. மரணம் மனிதனோடு சதுரங்கம் ஆடும் காட்சிக்கு மூலம் ஸ்வீடனின் தேவாலயச் சுவரோவியங்கள். டேபி என்ற ஊரின் தேவாலயத்தில் பதினைந்தாம் நூற்றாண்டு ஓவியர் ஆல்பர்ட்டஸ் பிக்டர் அப்படி ஒரு காட்சியை வரைந்திருக்கிறார். புகைப்படம் இல்லாத காலத்தைக் கட்டவேண்டியவருக்குச் சுவரோவியமே சாட்சி. கேரளத்தின் மட்டாஞ்சேரியானாலும் நம் சித்தன்னவாசலானாலும் அதுவே நிலை.

லுண்ட்கிரெனுக்குப் பின் வந்த அன்னா ஆஸ்ப், பெர்க்மனின் 'ஃபானியும் அலெக்சாண்டரும்' (1982) படத்துக்காகச் சூசன் லிங்ஹெய்முடன் இணைந்து 1984இல் ஆஸ்கர் பெற்றார். பின்னர் தார்க்கோவ்ஸ்கியின் 'பலி' (1986) படத்துக்கு ஸ்வீடனின் கோட்லாந்துத் தீவில் ஒரு வீட்டை அமைத்தார். இறுதிக் காட்சியில் அந்த வீடு எரியவேண்டும். எரித்தார்கள்; ஒளிப்பதிவுக் கருவி பழுதாகிக் காட்சி பதிவாகாமல் போயிற்று. வீட்டை மறுபடியும் கட்டி, மறுபடியும் எரித்தார்கள். கலை இயக்குநரின் தொழில் வாழ்க்கை முழுவதற்கும் இந்த நிகழ்ச்சி பொருந்தும். கட்டியது நிற்பதற்காக அன்று. ஒரு முறை பார்க்கப்பட்டு மறைவதற்காகவே அது கட்டப்படுகிறது.

தமிழில் தாமதமாக

கிருஷ்ணமூர்த்தி கேரளத்தில் உழைத்துக்கொண்டிருந்த அதே ஆண்டுகளில் தமிழ்த் திரைப்படத்தில் கலை இயக்கம் தேங்கி நின்றுவிட்டது என்று சொல்ல முடியாது. 1987இல் 'நாயகன்' வந்தது. பம்பாயின் தாராவியைச் சென்னை வீனஸ் ஸ்டுடியோவில் தோட்டா தரணி எழுப்பினார். பார்த்தவர்கள் அதை உண்மையான தாராவி என்றே நம்பினார்கள். அவ்வாண்டின் தேசிய விருது அவருக்குக் கிடைத்தது. ஆனால் தமிழின் அந்த மாற்றம் சமகாலத்தை நோக்கியதாக இருந்தது. பாரதிராஜாவின் வருகைக்குப் பின் நம் படங்கள் ஸ்டுடியோவை விட்டு வயல்வெளிக்கு வந்தன. எங்களுக்கு வடக்கே உள்ள கோபிச்செட்டிபாளையம் படப்பிடிப்புகளால் சின்னக் கோடம்பாக்கம் என்றே பெயர் பெற்றது. கிராமம் நேரில் இருக்கும்போது அதைக் கட்டவேண்டிய தேவை குறைந்தது. கடந்த காலத்தைப் பொறுத்தவரை, பழைய ஜிகினா அரண்மனை ஓய்வு பெற்றுவிட்டது; அதன் இடத்தில் வேறொன்றைக் கட்டும் துணிவும் செலவும் தமிழில் அப்போது இல்லை. கதை இல்லாத இடத்தில் கலை இயக்குநருக்கு வேலை இல்லை. எம். டி.யைப் போன்ற ஓர் எழுத்தாளரைத் திரைப்படத்தின் மையத்தில் வைத்த மலையாளத்துக்கு ஒரு கிருஷ்ணமூர்த்தி தேவைப்பட்டார். தமிழ்த் திரைப்படம் தன் எழுத்தாளர்களை வாசலிலேயே நிறுத்திவைத்தது. ஆகவே அவரையும் அதற்குத் தேவைப்படவில்லை.

அந்தத் தேவை 2000இல் 'பாரதி' வழியாக வந்தது. ஞான ராஜசேகரனின் இயக்கத்தில், தங்கர் பச்சானின் ஒளிப்பதிவில், இளையராஜாவின் இசையில் வந்த அந்தப் படத்தில் கலை இயக்கமும் ஆடை வடிவமைப்பும் கிருஷ்ணமூர்த்தி. இரண்டுக்கும் மீண்டும் தேசிய விருது.

சந்துவிடம் இருந்த சிக்கல் இங்கே வேறு வடிவில் வந்தது. பாரதியின் புகைப்படங்கள் விரல்விட்டு எண்ணத்தக்கவை. ஆனால் முண்டாசும் கறுப்புக் கோட்டும் முறுக்கு மீசையுமாக நாட்காட்டிப் பாரதி ஒவ்வொரு வீட்டிலும் பள்ளியிலும் தொங்குகிறார். அந்த உருவம் உறைந்துபோன ஒன்று. கோஷம் போடுமே தவிரப் பசிக்காது. அதற்கு மேல், பாரதியாக நடித்தவர் சாயாஜி ஷிண்டே என்ற மராத்திய நடிகர். வேற்று மொழிக்காரர் ஒருவரைத் தமிழரின் கண்முன் பாரதியாக நிறுத்தும் பணியில் பாதி, அவர் அணியும் கோட்டின் கிழிசலுக்கும் அவர் உட்காரும் திண்ணைக்கும் உரியது. கைமாற்று வாங்கிய அரிசியைக் குருவிகளுக்கு இறைக்கும் பாரதியை நம்பவேண்டுமானால், அந்த வீட்டின் அடுக்களையில் அரிசி இல்லாதது நமக்குத் தெரியவேண்டும். வறுமையைப் பாத்திரங்களின் எண்ணிக்கையாலும் துணியின் நைவாலும் சொல்லத் தெரிந்தவர் ஒருவர் இருந்ததால்தான் அங்கே நாட்காட்டி கீழே இறங்கி மனிதர் வந்தார்.

ஆறு ஆண்டுகள் கழித்து, 2006இல், சிம்புதேவனின் 'இம்சை அரசன் 23ஆம் புலிகேசி'க்கும் அவரே கலை இயக்குநர். இதை ஒரு நகைமுரண் என்றே சொல்லவேண்டும். எந்த ஜிகினா அரண்மனையிலிருந்து தென்னிந்தியப் படத்தை வெளியே கொண்டுவர வாழ்நாளெல்லாம் உழைத்தாரோ, அதே அரண்மனையைக் கேலிக்காகத் தம் கையால் திரும்பக் கட்டினார். பகடி என்பது மூலத்தை முழுதும் அறிந்தவருக்கே கைகூடும். வடிவேலுவின் அசட்டு அரசன் அந்தச் சிம்மாசனத்தில் அமரும்போது நாம் சிரிப்பது அவரைப் பார்த்து மட்டுமன்று. அரை நூற்றாண்டாக நம்மைப் பிரமிக்கவைத்த அந்த வளைவுகளையும் திரைச்சீலைகளையும் பார்த்துந்தான். 2009இல் பாலாவின் 'நான் கடவுள்', 2014இல் மீண்டும் ஞான ராஜசேகரனோடு 'ராமானுஜன்' ஆகியவை அவருடைய பிற்காலத் தமிழ்ப் படங்கள். 2020 டிசம்பர் 13 அன்று சென்னையில் அவர் காலமானார்.

எஞ்சுவது

பெர்க்மன் 2002இல் தம் குறிப்பேடுகளையும் கையெழுத்துப் படிகளையும் ஓர் அறக்கட்டளையின் பொறுப்பில் விட்டார். 2007இல் யுனெஸ்கோ அந்த ஆவணங்களை உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது. அங்கே வீடு எரிந்தாலும் வரைபடம் மிஞ்சுகிறது. இங்கே நிலைமை என்ன? சேலம் மாடர்ன் தியேட்டர்ஸின் தளங்கள் போய், ஏற்காடு சாலையில் நுழைவாயில் வளைவு மட்டும் நிற்கிறது. எத்தனையோ அரண்மனைகள் எழுந்த வளாகத்தில் மிஞ்சியது, எந்தக் கதைக்காகவும் கட்டப்படாத அந்த வாயில் மட்டுமே.

படச்சுருள்களைக் காப்பதற்குப் புனேயில் 1964இல் தேசிய அளவில் ஒரு காப்பகம் தொடங்கப்பட்டது. அச்சிட்ட பாட்டுப் புத்தகங்களையும் சினிமாப் பத்திரிகைகளையும் சென்னை ரோஜா முத்தையா நூலகத்தில் தேடிப் படிக்கலாம். இவற்றோடு, கலை இயக்குநர்களின் கோட்டோவியங்கள், அரங்கத் தரைப்படங்கள், ஆடைக் குறிப்புகள், சிறு மாதிரிகள் ஆகியவற்றுக்கென்று தமிழகத்தில் ஒரு காட்சிக்கூடம் அமையவேண்டும். கலைக் கல்லூரி மாணவர் ஒருவர் 'பாரதி'க்கான ஓவியத்தையும் திரையில் வந்த காட்சியையும் அருகருகே வைத்துப் பார்த்தால், ஒரு காலத்தை எப்படிக் கட்டுவது என்பதை ஒரு பிற்பகலில் கற்றுக்கொள்வார். ஏ. கே. சேகரிலிருந்து தோட்டா தரணி வரையில், படுதாவிலிருந்து தாராவி வரையில், நம் கண்கள் எப்படிப் பழக்கப்பட்டன என்ற வரலாறும் அங்கே ஒருங்கே கிடைக்கும்.

இலக்கிய வாசகர்களாகிய நமக்கும் இதில் பங்குண்டு. எம். டி.யின் திரைக்கதையை நூலாக வாசிக்கிறோம். பாரதியைப் பற்றிய படத்தைப் பாரதி ஆய்வாகவே விவாதிக்கிறோம். அந்த விவாதங்களில் சுவரையும் துணியையும் பற்றி ஒரு பத்தியேனும் இடம்பெறவேண்டும். வரலாற்று நாவல்களைப் பற்றி எழுதும்போது நடையையும் தரவுகளையும் எப்படி ஆராய்கிறோமோ, அப்படியே வரலாற்றுப் படங்களின் அரங்கமைப்பையும் ஆராயலாம். இந்தத் தூண் இந்த நூற்றாண்டுக்குரியதா, இந்த ஏழை இந்த வேட்டியை எங்கே வாங்கினான், இந்த அரசன் ஏன் மண்கோட்டையில் இல்லை என்று கேட்கப் பழகினால், நம் கடந்த காலத்தைப் பற்றிய நம் அறிவும் சற்றுத் திருந்தும். கிருஷ்ணமூர்த்தியின் படங்கள் இன்றும் பார்க்கக் கிடைக்கின்றன. அடுத்த முறை 'ஒரு வடக்கன் வீரகதா'வையோ 'பாரதி'யையோ பார்க்க நேரும் நண்பர்கள், நடிகர்களை விட்டு அவர்களுக்குப் பின்னால் இருப்பவற்றையும் அவர்கள் உடுத்தியிருப்பவற்றையும் சற்று நேரம் கவனித்துப் பார்க்கும்படி கேட்டுக்கொள்கிறோம்.